ரீப்பர் என் பேஸை உடைக்குது, காப்பாத்த வழி சொல்லுங்க

அல்சூர்_ஆமை | வெள்ளி, இரவு 11:42

எல்லாருக்கும் வணக்கம். ரெண்டு வருஷமா இங்க சத்தம் போடாம படிச்சிட்டுப் போறவன். இன்னிக்கு வயித்தெரிச்சல் தாங்காம எழுதறேன்.

சப்நாட்டிகா தான், கடலுக்கடியில உயிர் பிழைக்கற வீடியோ கேம். விழுந்து கிடக்கற விண்கப்பல் அரோராவோட ரேடியேஷன் லீக்கை அடைச்சாச்சு. அந்தத் தைரியத்துல கப்பலோட பின்பக்கம், 80 மீட்டர் ஆழத்துல ஒரு பேஸ், அதான் தங்கற வீடு, கட்டினேன். ஏன் அங்கன்னு கேட்டா, உடைஞ்ச இரும்பு நிறைய கிடக்குது, டைட்டானியத்துக்கு அலைய வேண்டாம்னு ஒரு கணக்கு. ரீப்பர், அதான் அந்த ராட்சச கடல் மிருகம், சுத்தற இடம்னு தெரியும். அதைப் பார்த்துக்கிட்டே இருக்கலாம்னு வெளிய கிளம்பறதுக்கு முன்னாடி ரெண்டு ஜன்னல் வேற வச்சேன்.

மூன்பூல்ல (வண்டி நிறுத்தற அறை) இருந்து ஸீமோத்தை (குட்டி நீர்மூழ்கி) எடுத்துட்டு நூறு மீட்டர்கூட போகலை. அந்த அலறல். ஹெட்போன்ல கேட்டா முதுகு ஜில்லுனு ஆயிடும், தெரியும்ல? கண்ணாடிக்கு முன்னாடி நாலு கொடுக்கும் விரிஞ்சது. ஸீமோத் போச்சு. எப்படியோ நீந்தி பேஸுக்குள்ள நுழைஞ்சா, உள்ள முழங்கால் அளவு தண்ணி. என்னைத் துரத்திட்டு வந்து பேஸையும் கடிச்சிருக்கு.

இதுக்கு வேலி மாதிரி ஏதாவது இருக்கா? கரண்ட் வேலி? தானா சுடற துப்பாக்கி? சுவரை ரெண்டு அடுக்கா கட்ட முடியுமா? நேத்து ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் ரிப்பேர் டூலை வச்சு ஓட்டை அடைச்சிட்டு இருந்தேன். ஒண்ணை அடைச்சா இன்னொண்ணு திறக்குது.

நெல்லை_நீர்மூழ்கி | வெள்ளி, இரவு 11:58

ஏலே, துப்பாக்கியா? விளையாட்டு முழுக்கத் தேடினாலும் உனக்கு உருப்படியா ஒரு துப்பாக்கி கிடைக்காது. உறைய வைக்க ஸ்டேசிஸ் ரைஃபிள் இருக்கு, தள்ளி விட ரிப்பல்ஷன் கேனன் இருக்கு, கையில ஒரு கத்தி இருக்கு. அவ்ளோதான். இந்த விளையாட்டை இயக்கின சார்லி கிளீவ்லண்ட் வேணும்னுதான் அப்படி வச்சார். 2012 டிசம்பர்ல அமெரிக்காவுல சாண்டி ஹூக் பள்ளிக்கூடத்துல நடந்த துப்பாக்கிச் சூடு அவரை ரொம்பப் பாதிச்சிருக்கு. இன்னொரு விளையாட்டுலயும் துப்பாக்கி வேண்டாம்னு முடிவெடுத்ததா அவரே எழுதியிருக்கார். அதனால கோபுரம், பீரங்கி நினைப்பை மூட்டை கட்டி வை.

கோரமங்களா_கொக்கு | சனி, காலை 12:10

ஆமை, ஒரு நிமிஷம். வேலிக்கு முன்னாடி ஒரு கேள்வி. பேஸ்ல என்னென்ன இருக்குன்னு ஒண்ணு விடாம எழுது. ஹட்ச் (உள்ள நுழையற கதவு), ஜன்னல் எல்லாம் சேர்த்து. அடித்தளம் போட்டியா?

(நான் பகல்ல சாஃப்ட்வேர் டெஸ்டர். "அது கடிச்சுச்சு"ன்னு வர்ற பக் ரிப்போர்ட்டை அப்படியே நம்பறதில்லை.)

அல்சூர்_ஆமை | சனி, காலை 12:19

மல்டிபர்பஸ் ரூம் ஒண்ணு. மூன்பூல் ஒண்ணு. நடுவுல நேரா ஒரு நடைபாதை. ஒரு ஹட்ச். ஜன்னல் ரெண்டு. அடித்தளம் போடலை, மண்ணு மேல அப்படியே நிக்குது, கால் தானா வருதே. உள்ள ஃபேப்ரிகேட்டர், லாக்கர், ஒரு கட்டில். மேல சோலார் நாலு.

கோரமங்களா_கொக்கு | சனி, காலை 12:41

நினைச்சேன்.

ரீப்பர் உன் பேஸைத் தொடவே இல்லை. அதை உடைச்சது நீதான்.

பேஸ் கட்டற கருவி, அந்த ஹேபிட்டட் பில்டரை வச்சு ஒவ்வொரு துண்டு வைக்கும்போதும் திரையில ஒரு எண் வரும், பார்த்திருப்ப. அதுதான் பேஸோட தாங்கும் சக்தி. 10ல ஆரம்பிக்கும். மூன்பூல் அதுல 5ஐ சாப்பிடும். மல்டிபர்பஸ் ரூம் 1.25. நடைபாதை 1. ஹட்ச் 1. ஆக 8.25 போச்சு, மிச்சம் 1.75. இதுவரைக்கும் சொட்டுத் தண்ணி வந்திருக்காது. வந்துச்சா? இல்லைல.

அப்புறம் ரீப்பரைப் பார்க்கணும்னு ரெண்டு ஜன்னல் வச்ச. ஜன்னலுக்கு 1 வீதம் 2. கையில இருக்கறது 1.75. கணக்கு பூஜ்யத்துக்குக் கீழ போன உடனே சுவர் விரிசல் விட ஆரம்பிக்கும். நீ ஸீமோத்தை எடுத்துட்டுப் போகும்போதே உள்ள ஊறிட்டு இருந்திருக்கு. கம்ப்யூட்டர் குரல் சொல்லியிருக்கும், நீ அலறலைக் கேட்டுட்டு இருந்த.

ஒண்ணை அடைச்சா இன்னொண்ணு திறக்குதுன்னு சொன்னல்ல? எண் மைனஸ்ல இருக்கற வரைக்கும் அப்படித்தான். ராத்திரி பூரா நீ அடைச்சிட்டே இருக்கலாம்.

ஒரு ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் (சுவரைப் பலப்படுத்தற தகடு) போடு: டைட்டானியம் 3, லித்தியம் 1. ஒரே அடியில 7 ஏறும். லித்தியம் இல்லையா, அடித்தளம் ஒண்ணு: டைட்டானியம் 2, ஈயம் 2, அதுக்கு 2 ஏறும். உனக்கு வேண்டியது வெறும் கால் பாயிண்ட், அதனால அடித்தளமே போதும். ஆனா நீ இதோட நிறுத்தற ஆள் மாதிரி தெரியலை, ரீஇன்ஃபோர்ஸ்மென்டே போடு.

அல்சூர்_ஆமை | சனி, காலை 12:50

ஐயோ. கணக்கு சரியாத்தான் வருது. ஆனா அக்கா, அது என் பின்னாடியே வந்துச்சு. ஜன்னல் வழியா பார்த்தேன், சுவரை உரசிட்டுப் போகுது. பேஸை அது ஒண்ணுமே பண்ணாதுன்னா நம்பவே முடியலை.

மர்பிடவுன்_மாமா | சனி, காலை 6:15

எனக்கு வயசு ஐம்பத்தெட்டு. பையன் லேப்டாப்பை விட்டுட்டு வெளிநாடு போயிட்டான், அதுல கத்துக்கிட்டேன். வாக்கிங் போயிட்டு வந்து எழுதறேன், எழுத்துப் பிழை இருந்தா மன்னிக்கணும்.

தம்பி, எங்க தெருமுனையில ஏழு நாய் இருக்கு. ராத்திரி பதினோரு மணிக்கு மேல ஸ்கூட்டர்ல எவன் வந்தாலும் விடாது, மெயின் ரோடு வரைக்கும் துரத்தும். போன மாசம் சாப்பாடு கொண்டு வந்த பையன் ஒருத்தன் பாவம் சாக்கடையில விழுந்தான். ஆனா இருபது வருஷத்துல அந்த நாய்ங்க எந்த வீட்டு கேட்டையாவது கடிச்சு நான் பார்த்தது கிடையாது. கேட்டை உரசிட்டுப் போகும். கேட் மேல ஒண்ணுக்குப் போகும். கடிக்காது.

ரீப்பரும் அதே ஜாதி. அதுக்குக் கோபம் ஓடற வண்டி மேல, நீந்தற ஆள் மேல. வீடு அதுக்குப் பாறை மாதிரி. நீ வீட்டுக்கு வேலி கேக்கற. நான் கேக்கறது, நீ வீட்டுல இருந்து எப்படிக் கிளம்பற, எப்படித் திரும்பி வர்ற?

ஸ்டாக்கர்_பல் | சனி, காலை 10:32

மாமா சொல்றது ரசிக்கற மாதிரி இருக்கு, ஆனா ஒத்துக்க முடியலை. நமக்கு முன்னாடி இங்க விழுந்த டெகாசி கப்பல் ஆளுங்க கதை என்னாச்சு? அவங்க கட்டின பேஸ் மூணு: ஃப்ளோட்டிங் ஐலண்ட்ல ஒண்ணு, 250 மீட்டர்ல ஜெல்லிஷ்ரூம் குகையில ஒண்ணு, 500 மீட்டர்ல டீப் கிராண்ட் ரீஃப்ல ஒண்ணு. கடைசி பேஸ் எப்படிக் கிடக்குதுன்னு போய்ப் பார்த்திருக்கீங்களா? கிழிச்சுப் போட்ட மாதிரி இருக்கும். லெவயத்தன் (ரீப்பர் மாதிரி ராட்சச மிருகம்) வந்து தாக்குச்சு, அவங்கள்ல ஒருத்தரான மார்கரிட் அதோட மல்லுக்கட்டினாங்கன்னு பதிவுலயே இருக்கு. விளையாட்டே தன் வாயால பேஸை உடைக்கும்னு சொல்லுது. நீங்க எல்லாரும் சேர்ந்து உடைக்காதுங்கறீங்க.

கோரமங்களா_கொக்கு | சனி, காலை 10:47

கதை வேற, கோட் வேற. கதையில உடையும். நாம விளையாடற பேஸ்ல எந்த மிருகத்தோட கடியும் அந்த எண்ணைக் குறைக்காது. நான் வேணும்னே சோதிச்சேன். ரீப்பர் ஏரியாவுல அடித்தளம் போட்டு, தாங்கும் சக்தி நல்லா பிளஸ்ல இருக்கற மாதிரி ஒரு ரூம் கட்டி, உள்ள உக்காந்து முறுக்கு சாப்பிட்டுட்டே விளையாட்டுக் கணக்குல மூணு நாள் பார்த்தேன். வந்துச்சு, சுத்துச்சு, கத்துச்சு, போச்சு. எண் அசையலை.

ஸ்டாக்கர்_பல் | சனி, காலை 10:55

அப்ப கதையில பொய் சொல்றாங்களா?

நெல்லை_நீர்மூழ்கி | சனி, காலை 11:20

பொய்யும் இல்ல மண்ணாங்கட்டியும் இல்ல. பயமுறுத்தறதுக்காக எழுதினது. எங்க ஆச்சி குளத்துல முனி இருக்குன்னு சொல்லித்தான் எங்களைத் தண்ணிக்குள்ள இறங்க விடாம வளர்த்தா. முனி இல்ல, ஆனா சேறு இருந்துச்சு. அந்த டெகாசி பேஸைப் பார்த்துட்டு நீ ஆழத்துல கட்ட யோசிப்பல்ல? அதுக்குத்தான் அது.

ஆனா ஒண்ணு ஒத்துக்கிடுதேன். கடி இல்லாட்டியும் ஆழம் கடிக்கும். கீழ போகப் போக ஒவ்வொரு துண்டும் சாப்பிடற சக்தி கூடிக்கிட்டே போகும். அடித்தளமும் ரீஇன்ஃபோர்ஸ்மென்டும் குடுக்கறது மட்டும் அப்படியே நிக்கும். 50 மீட்டர்ல கண்ணாடி மாளிகை கட்டினவன் அதே வரைபடத்தை 500ல கட்டினா விடிய விடிய வாளி பிடிக்கணும்.

பொள்ளாச்சி_பொன்னி | சனி, மதியம் 1:05

ஒயிட்ஃபீல்டுல இருந்து எழுதறேனுங்க. மாமா கேட்ட கேள்விதான் சரியான கேள்வி. பேஸைக் காப்பாத்தறதுன்னு நாம சொல்றதுல பாதி, பேஸைச் சுத்தி இருக்கற சாமானைக் காப்பாத்தறதுதானுங்க.

எனக்கு ரீப்பரால ஒரு நஷ்டமும் இல்லை. ஸ்டாக்கர்ங்கற பல்லு நீண்ட மிருகத்தால பைத்தியம் பிடிச்சது. கெல்ப் காட்டு ஓரத்துல ஸ்கேனர் ரூம் வச்சிருந்தேனுங்க. அதோட கேமரா ட்ரோன் ரெண்டையும் ஸ்டாக்கர் வாயில கவ்விட்டுப் போயிருச்சு. ஸ்கேனர் திரையில பார்க்கறேன், என் கேமரா தானா ஊர்வலம் போகுது. மொதல்ல எனக்குப் புரியவே இல்லை. அதுக்கு இரும்புன்னா உயிருங்க, கேமராவையும் இரும்புத் துண்டுன்னு நினைச்சுக்குது.

நான் பண்ணது: பேஸுக்கு நாப்பது மீட்டர் தள்ளி உடைஞ்ச இரும்பை நாலஞ்சு துண்டு கொட்டி வச்சேன். அதுங்க அங்கயே விளையாடிட்டுக் கிடக்கும், கடிச்சுக் கடிச்சு பல்லு விழும், அந்தப் பல்லைப் பொறுக்கி எனாமல் கிளாஸ் செஞ்சுக்கலாம். பக்கத்துல வந்து மொறைச்சா ஒரு பீப்பர் மீனை நீட்டுனா கொஞ்ச நேரத்துக்கு ஃப்ரெண்ட் ஆயிக்கும். வெரட்டறதை விட இது லேசுங்க.

அப்புறம் ஆமைத் தம்பி, சோலார் நாலு மட்டும்னு சொன்னீங்க. ராத்திரி ஆனா அது ஒண்ணும் குடுக்காதுங்க. தேக்கி வச்சது தீர்ந்தா பேஸுக்குள்ள காத்து நிக்கும். வெளிய ரீப்பர், உள்ள மூச்சு இல்லை. அதை யோசிங்க மொதல்ல. ஒரு பயோரியாக்டர் வச்சு மீனோ செடியோ போட்டு விடுங்க, அதுல இருந்து கரண்ட் வரும்.

அல்சூர்_ஆமை | சனி, மதியம் 1:30

பொன்னி அக்கா, கரண்ட் விஷயத்துல எனக்கு அனுபவம் உண்டு. நான் இருக்கற பிஜி ஹாஸ்டல்ல ஜெனரேட்டர் கிடையாது. யுபிஎஸ் பேட்டரி ஓனர் மாத்தறேன் மாத்தறேன்னு எட்டு மாசம் ஆச்சு.

ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் ரெண்டு போட்டாச்சு. தண்ணி இறங்கிடுச்சு. கொக்கு அக்காவுக்கு நன்றி. இப்ப பிரச்சனை வேற. வெளியவே போக முடியலை. மூன்பூல் தண்ணிக்குள்ள காலை வச்சா கத்துது.

கோரமங்களா_கொக்கு | சனி, மதியம் 2:02

புது ஸீமோத் கட்டின உடனே பெரிமீட்டர் டிஃபென்ஸ் போட்டுக்கோ. பாலிஅனிலைன் ஒண்ணு, ஒயரிங் கிட் ஒண்ணு. மூன்பூல்ல இருக்கற அப்கிரேடு கன்சோல்ல செய்யலாம், ப்ளூபிரிண்ட் கிடைச்சிருக்கணும். ரீப்பர் பிடிச்ச உடனே ஷாக் குடு, விட்டுடும். நீ கேட்ட கரண்ட் வேலி அதுதான், ஆனா அதை வீட்டுக்கு இல்லை, வண்டிக்கு மாட்டணும்.

சைக்ளோப்ஸ்ங்கற பெரிய நீர்மூழ்கி வந்துட்டா ஷீல்டு இருக்கு, மிருகத்தைத் திசை திருப்பற டிகாய் இருக்கு, சத்தமில்லாம ஓட்டற முறையும் இருக்கு. ஆனா சைக்ளோப்ஸை வச்சுக்கிட்டு அரோரா பின்பக்கம் போறவன் எவன்?

மகாதேவபுரா_மச்சான் | சனி, மாலை 4:44

லேட்டா வந்தேன். யாரும் பல்க்ஹெட் பத்திப் பேசலையே? பெட்டிக்குப் பெட்டி நடுவுல வைக்கற கதவு. டைட்டானியம் 3, சிலிக்கோன் ரப்பர் 1. தாங்கும் சக்தி 3 கூடும், அதை விடுங்க. ஒரு ரூம்ல தண்ணி ஏறினா கதவை மூடினா அடுத்த ரூமுக்குப் போகாது. 2022 செப்டம்பர் மழையில எங்க அபார்ட்மென்ட் பேஸ்மென்ட் ரெண்டு தளமும் நிரம்புச்சு. ரேம்ப்ல தண்ணி வந்தப்ப நடுவுல ஒரு கதவு இருந்திருந்தா கீழ்த்தளமாவது தப்பிச்சிருக்கும்னு அன்னிக்கு எல்லாரும் பேசினோம். என் கார் கீழ்த்தளத்துலதான் இருந்துச்சு. அதுலர்ந்து நான் எந்த விளையாட்டுல கட்டினாலும் மொதல்ல கதவுதான்.

என் தங்கச்சி மைன்கிராஃப்ட் ஆடறா. கடலுக்கடியில வீடுன்னா கண்டுயிட் வைன்னு சொல்றா. நாட்டிலஸ் ஓடு எட்டு, ஹார்ட் ஆஃப் த சீ ஒண்ணு. சுத்தி பிரிஸ்மரைன் சட்டம் 42 கட்டை முழுசா கட்டினா, எட்டு கட்டை தூரத்துக்குள்ள தண்ணியில வர்ற எதிரியை அதுவே அடிக்குமாம். நம்ம விளையாட்டுல இப்படி ஒண்ணு குடுத்திருக்கக் கூடாதா?

நெல்லை_நீர்மூழ்கி | சனி, மாலை 5:10

குடுத்திருந்தா பயம் போயிரும்லே. அங்க கட்டைய அடுக்குததுதான் சுகம். இங்க இருட்டுக்குள்ள வெளிச்சமா ஒரு ஜன்னல் தெரியும்போது "அப்பாடா, வீட்டுக்கு வந்துட்டோம்"னு வருது பாரு, அதுதான் சுகம். வெளிய எல்லாத்தையும் அடிச்சுப் போட்டுட்டா அது வராது.

ஸ்டாக்கர்_பல் | சனி, இரவு 8:21

சுகத்தை விடுங்க. நேரா கொன்னுடலாமே. ஸ்டேசிஸ் ரைஃபிள்ல முழு சார்ஜ் வச்சு உறைய வை, கத்தியால குத்திக்கிட்டே இரு, விடுபடும்போது மறுபடி உறைய வை. ரொம்ப நேரம் ஆகும், பேட்டரி ரெண்டு மூணு கையில வேணும். ஆனா செத்த லெவயத்தன் திரும்பி வராது. நான் அரோரா பின்பக்கத்தைச் சுத்தம் பண்ணி வச்சிருக்கேன். இப்ப அங்க ஆட்டுக்குட்டி மேய்க்கலாம்.

பொள்ளாச்சி_பொன்னி | சனி, இரவு 8:40

பண்ணலாமுங்க. நானும் ஒருக்கா பண்ணேன். அப்புறம் அந்தப் பக்கம் போனா சுடுகாடு மாதிரி இருந்துச்சு, சேவ் ஃபைலையே அழிச்சுட்டு மொதல்ல இருந்து ஆரம்பிச்சேன். அவங்கவங்க இஷ்டம். ஆனா தம்பிக்கு இப்ப ரைஃபிளும் இல்லை, ஸீமோத்தும் இல்லை.

மர்பிடவுன்_மாமா | ஞாயிறு, காலை 6:20

தம்பி, கிழவன் சொல்றதைக் கேட்டா அந்த இடத்தைக் காலி பண்ணு. இரும்பு மலிவுன்னு சுடுகாட்டுக்குப் பக்கத்துல வீடு கட்டின மாதிரி இருக்கு உன் கணக்கு. அங்க ஒரு சின்ன ரூம் மட்டும் போதும், மூச்சு வாங்க. குடித்தனத்தை ஆழம் குறைஞ்ச இடத்துல வை.

ஆழத்துலதான் வேணும்னா லாஸ்ட் ரிவர்ங்கற ஆழ்கடல் குகையில ஒரு மரம் இருக்கு பாரு, நீலமா ஒளி விட்டுக்கிட்டு, சுமார் 900 மீட்டர். போற வழியில கோஸ்ட் லெவயத்தன் குட்டி இருக்கும். வழி எல்லாம் ஆபத்து, அந்த மரத்தடி மட்டும் அமைதி. நான் அங்கதான் மூணு மாசமா இருக்கேன். ஜன்னல் ஒண்ணே ஒண்ணுதான் வச்சேன், மரத்தைப் பார்த்து. அந்த ஆழத்துல அதுக்கே ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் தேடி அலைஞ்சேன். சூட்டு வாயில இருந்து தெர்மல் பிளான்ட்ல கரண்ட் இழுத்திருக்கேன். சோலார் அங்க உதவாது.

அங்கயும் வேலி கிடையாது. தேவைப்படலை.

கோரமங்களா_கொக்கு | ஞாயிறு, காலை 9:12

மாமா மூணு மாசமா லாஸ்ட் ரிவர்ல குடித்தனம் பண்றார், நான் இன்னும் ஸீமோத்துக்கு 300 மீட்டர் ஆழம் வரைக்கும் போற மாட்யூலோட சுத்தறேன். வெக்கமா இருக்கு.

அல்சூர்_ஆமை | ஞாயிறு, இரவு 9:48

அப்டேட்.

மாமா பேச்சைக் கேட்டு அந்தப் பேஸை முழுசா பிரிச்சேன். பில்டரால பிரிச்சா போட்ட சாமான் எல்லாம் திரும்பக் கைக்கு வந்துடுது, அது ஒரு நிம்மதி. நீந்தியே நாலு நடை. மூணாவது நடையில ரீப்பர் என்னைத் தாண்டி ஒரு பத்து மீட்டர்ல போச்சு. நான் மணல்ல ஒட்டிக்கிட்டு மூச்சு விடாம இருந்தேன். நிஜமாவே மூச்சு விடலை, நாற்காலில உக்காந்துக்கிட்டு.

பவளப் பாறைக்குப் பக்கத்துல 40 மீட்டர்ல புது வீடு. அடித்தளம் நாலு. ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் ரெண்டு. நடுவுல பல்க்ஹெட். பொன்னி அக்கா சொன்ன மாதிரி பயோரியாக்டர். தள்ளி ஒரு இரும்புக் குவியல், ஸ்டாக்கருக்கு. மூன்பூல்ல புது ஸீமோத். ஜன்னல் மூணு வச்ச பிறகும் எண் பிளஸ்ல. ஆறு மணி நேர வேலை. பார்க்கவே அவ்வளவு அழகா இருந்துச்சு, போட்டோ எடுத்து இங்க போடலாம்னு எழுந்து போனை எடுக்கப் போனேன்.

கரண்ட் போச்சு. யுபிஎஸ் "டீங்"னு ஒரு சத்தம் குடுத்துட்டு அதுவும் போச்சு.

இந்த விளையாட்டுல ஆட்டோசேவ் கிடையாதுன்னு எல்லாருக்கும் தெரியும்ல? எனக்கும் தெரியும். கடைசியா சேவ் பண்ணது மத்தியானம் மூணு மணி. லோட் பண்ணிப் பார்த்தேன். அரோரா பின்பக்கம், பழைய பேஸ், வெளிய அது கத்திட்டு இருக்கு.

மகாதேவபுரா_மச்சான் | ஞாயிறு, இரவு 9:55

குரு...

கோரமங்களா_கொக்கு | ஞாயிறு, இரவு 9:57

சிரிக்கலை. சத்தியமா சிரிக்கலை.

பொள்ளாச்சி_பொன்னி | ஞாயிறு, இரவு 10:03

அடக் கடவுளே. வரைபடம் மனசுல இருக்குமுங்க, ரெண்டாவது தடவை சீக்கிரம் ஆயிரும். ஓனர்கிட்ட நாளைக்கே பேட்டரி கேளுங்க.

மர்பிடவுன்_மாமா | திங்கள், காலை 6:18

தம்பி, எங்க வீட்டு மாடியில பழைய யுபிஎஸ் ஒண்ணு சும்மா கிடக்கு. பேட்டரி போன வருஷம்தான் மாத்தினது. அல்சூர்ல இருந்து நடந்தே வந்துடலாம். சாயங்காலம் ஏழு மணிக்கு முன்னாடி வா, அதுக்கு மேல நாய்ங்க இருக்கும்.